தீங்கற்றது எது? ‘ஹார்ம்லெஸ்’ என்னும் ஆங்கிலப் பெயரடையின் பொருளும் தமிழ் வழக்கும் – மஞ்சூர்த் தேயிலைத் தோட்டச் சூழலை முன்வைத்து

ஆய்வுச் சுருக்கம்

‘ஹார்ம்லெஸ்’, ‘இன்னாக்குவஸ்’ ஆகியன தீங்கின்மையைக் குறிக்கும் ஆங்கிலப் பெயரடைகள். இவற்றுக்குத் தமிழில் பொதுவாகத் ‘தீங்கற்ற’ என்னும் ஒரே சொல் நிகராக வழங்கப்படுகிறது. இவ்வாறு வழங்கும்போது யாருக்கு, எவ்வளவில், எப்போது, எந்தச் சான்றின்படி என்னும் வினாக்கள் மறைந்துவிடுகின்றன. பூச்சிக்கொல்லிக் கொள்கலன்களின் மேல் இச்சொல்லை அச்சிடுவதை இந்தியச் சட்டம் தடுத்துள்ளது. எனினும் பேச்சுத் தமிழில் அப்பொருளுக்கு வழங்கும் ‘மருந்து’ என்ற பெயர், சட்டம் விலக்கிய அதே பொருளை வேறு வழியில் கொண்டுவருகிறது. நீலகிரி மாவட்டம் மஞ்சூர்ப் பகுதியின் தேயிலைச் சாகுபடிச் சூழலை முன்வைத்து இச்சிக்கலை இக்கட்டுரை விளக்குகிறது. மொழிபெயர்ப்புக்கும் கலைச்சொல்லாக்கத்துக்கும் உரிய சில நெறிகளையும் முன்மொழிகிறது.

திறவுச்சொற்கள்: தீங்கற்ற, எதிர்மறைப் பெயரெச்சம், நான்காம் வேற்றுமை, மருந்து, பூச்சிக்கொல்லி, கலைச்சொல், மஞ்சூர்.

முன்னுரை

நீலகிரி மாவட்டத்தின் குந்தா வட்டத்தில் அமைந்த மலைநகரம் மஞ்சூர். ஊரைச் சுற்றித் தேயிலைச் சரிவுகள் விரிந்துள்ளன. பெருந்தோட்டங்களோடு சிறு விவசாயிகளின் தேயிலை நிலங்களும் இங்கு மிகுதி. படுகர், தமிழர், மலையாளம் பேசுவோர், 1964ஆம் ஆண்டின் இந்திய–இலங்கை உடன்படிக்கைக்குப்பின் தாயகம் திரும்பிய மலையகத் தமிழர் எனப் பல மரபினர் நீலகிரித் தேயிலைத் தொழிலில் கலந்துள்ளனர்.

இத்தகைய ஊரில் பூச்சிக்கொல்லிக் கொள்கலனின் மேலொட்டியைப் படிப்பது அன்றாடத் தேவை. சிறு விவசாயக் குடும்பங்களில் அதை வாங்குபவர், நீரில் கலப்பவர், முதுகில் தெளிப்பானைச் சுமப்பவர், சில நாட்கள் கழித்து அதே செடியில் கொழுந்து பறிப்பவர் ஆகிய அனைவரும் பெரும்பாலும் ஒரே வீட்டினர். ‘இது தீங்கு செய்யுமா?’ என்று அவர்கள் கேட்கும் வினாவுக்கு விடையாக அமைவது ஒரு பெயரடையாக இருக்கலாம். ஆகவே அப்பெயரடை எதைச் சொல்கிறது, எதைச் சொல்லாமல் விடுகிறது என்பதை ஆராய்வது மொழியியலுக்கு மட்டுமன்றி வாழ்வுக்கும் உரிய பணியாகிறது.

ஆங்கிலத்தில் இரு பெயரடைகள்

‘ஹார்ம்லெஸ்’ என்பது பழைய ஆங்கிலத்தில் ஊறு, துயர் ஆகிய பொருள்களைத் தந்த ‘ஹார்ம்’ என்னும் பெயரோடு, இன்மைப் பொருள் தரும் ‘லெஸ்’ என்னும் பின்னொட்டு சேர்ந்து அமைந்தது. இடைக்கால ஆங்கிலத்தில் இச்சொல் முதலில் ‘ஊறுபடாத’ என்னும் பொருளிலேயே வழங்கியது. ‘ஊறு செய்யாத’ என்னும் பொருள் 16ஆம் நூற்றாண்டளவில் நிலைபெற்றது. தீங்கை ஏற்காமை, தீங்கை இழைக்காமை என்னும் இவ்விரு திசைகளும் ஒரே வடிவத்துக்குள் இருந்துள்ளன.

முதற்பொருள் இன்று பொதுவழக்கில் மறைந்துவிட்டாலும் சட்ட ஆவணங்களில் உயிரோடு உள்ளது. ஒப்பந்தங்களில் இடம்பெறும் ‘ஹோல்ட் ஹார்ம்லெஸ்’ என்னும் தொடர், ஒரு தரப்பினரை இழப்பிலிருந்தும் பொறுப்பிலிருந்தும் காப்பதாக மற்றொரு தரப்பினர் அளிக்கும் உறுதியைக் குறிக்கும். இதைத் ‘தீங்கற்றவராக வைத்தல்’ எனப் பெயர்த்தால் பொருள் முற்றிலும் திரிந்துவிடும். ‘இழப்பு நேராவண்ணம் காத்தல்’ என்பதே அதன் கருத்து.

‘இன்னாக்குவஸ்’ இலத்தீன் வழி வந்தது. ‘நொசேரே’ என்னும் தீங்கிழைத்தற் பொருளுடைய வினையின் அடியாகப் பிறந்த சொல்லோடு எதிர்மறை முன்னொட்டுச் சேர்ந்த வடிவம் இது. 16ஆம் நூற்றாண்டின் இறுதிப் பகுதியில் ஆங்கிலத்துக்கு வந்தது. குற்றமின்மையைக் குறிக்கும் ‘இன்னொசென்ட்’, நச்சுத்தன்மையைக் குறிக்கும் ‘நாக்ஷியஸ்’ ஆகியனவும் இவ்வினையோடு உறவுடையன.

இரண்டுக்கும் வழக்கில் வேறுபாடு உண்டு. ‘ஹார்ம்லெஸ்’ மனிதர், விலங்கு, பொருள், செயல் ஆகிய அனைத்தையும் சிறப்பிக்கும். ‘இன்னாக்குவஸ்’ பெரும்பாலும் பொருள், பேச்சு, செயல் ஆகியவற்றையே சிறப்பிக்கும். மேலும் பின்னது வருமிடங்களில் ஓர் ஐயத்தின் நிழலும் உடன்வருவதுண்டு. ‘பார்வைக்குத் தீங்கற்றதாகத் தோன்றிய’ என்னும் பொருளில் அது வரும்போது, பின்னால் ஒரு தீங்கு வெளிப்படப் போகிறது என்பதை வாசகர் எதிர்பார்க்கத் தொடங்கிவிடுகிறார். தீங்கின்மை என்பது பொருளின் இயல்பா, நோக்குபவரின் மதிப்பீடா என்னும் வினாவை ஆங்கிலச் சொல்லே இவ்வாறு எழுப்புகிறது.

தமிழின் சொற்களம்

தமிழில் தீங்கைக் குறிக்கும் சொற்கள் பல. தீங்கு, தீது, தீமை ஆகியன ஓரடிச் சொற்கள். கேடு என்பது ‘கெடு’ என்னும் வினையடியாகப் பிறந்து அழிவை முதன்மைப்படுத்துகிறது. ‘இன்னா’ என்பது இனிமையின் எதிர்மறை. தீங்கை அதை நுகர்பவரின் பக்கமிருந்து காட்டுகிறது. திருக்குறளின் 32ஆம் அதிகாரம் ‘இன்னாசெய்யாமை’ எனப் பெயர்பெற்றுள்ளது. அத்தலைப்பில் தீங்கின் பெயரும், அதைச் செய்யாமை என்னும் வினைமறுப்பும் இணைந்துள்ளன. வாய்மை அதிகாரத்தின் முதற்குறள், எவ்வகைத் தீமையும் பயவாத சொல்லையே வாய்மையென வரையறுக்கிறது. ஒரு சொல்லின் தன்மையை அதன் விளைவைக் கொண்டு மதிப்பிடும் அணுகுமுறை அது.

‘ஊறு’ தனித்த கவனத்துக்குரியது. ‘உறு’ என்னும் வினையடியாகப் பிறந்த இச்சொல், தொடுவுணர்வையும் தீங்கையும் ஒருசேரக் குறிக்கும். உடலை வந்து உறுவதே ஊறு. பூச்சிக்கொல்லியைப் பொறுத்தவரை இப்பொருட்பொருத்தம் குறிப்பிடத்தக்கது. நஞ்சு வாய்வழியாக மட்டுமன்றித் தோல்வழியாகவும் உடலுக்குள் செல்கிறது.

மனிதரைச் சிறப்பிக்கும்போது தமிழ் வேறு சொற்களை நாடுகிறது. சாது, அப்பாவி, ஒரு பாவமும் அறியாதவர், வாயில்லாப் பூச்சி என்பன வழக்கில் உள்ளன. இவ்விடங்களில் ‘தீங்கற்ற மனிதர்’ என்பது இயல்பான தமிழாகாது. ‘சாது மிரண்டால் காடு கொள்ளாது’ என்னும் பழமொழி, தீங்கின்மை சூழலைச் சார்ந்தது என்பதை மக்கள் வழக்கு உணர்ந்திருந்ததைக் காட்டுகிறது. சாதுவின் சாதுத்தன்மை மிரளாத வரையில்தான்.

ஆகவே ‘ஹார்ம்லெஸ்’ என்னும் ஒரு சொல்லுக்குத் தமிழில் ஒரே நிகரன் இல்லை. சிறப்பிக்கப்படுவது மனிதரா, விலங்கா, பேச்சா, வேதிப்பொருளா என்பதற்கேற்ப நிகரன் மாறும். பேச்சாயின் ‘யாரையும் புண்படுத்தாத’, ‘உள்நோக்கமற்ற’ என்பன பொருந்தும். பாம்பாயின் ‘நஞ்சற்ற’ என்பது பொருந்தும்.

அற்ற, இல்லாத, செய்யாத: இலக்கண வேறுபாடு

தமிழில் தனிப்பெயரடைகள் சில. ஆங்கிலப் பெயரடைகள் பலவற்றின் பணியைத் தமிழில் பெயரெச்சங்களே செய்கின்றன. தீங்கின்மையைக் குறிக்க மூன்று வடிவங்கள் வழக்கில் உள்ளன: தீங்கற்ற, தீங்கில்லாத, தீங்கு செய்யாத. இவற்றை ஒருபொருட் பன்மொழியாகக் கொள்வது வழக்கம். ஆனால் அமைப்பில் இவை வேறானவை.

‘அற்ற’ என்பது ‘அறு’ என்னும் வினையின் இறந்தகாலப் பெயரெச்சம். நீங்கிய, அறுபட்ட என்பது அதன் அடிப்படைப் பொருள். வடிவத்தில் உடன்பாடாகவும் பொருளில் இன்மையாகவும் அமைந்த இது, இன்று ஒரு பின்னொட்டுப் போல இயங்குகிறது. குற்றமற்ற, பயனற்ற, உயிரற்ற என்பவற்றில் இன்மை முடிந்த முடிபாகவே ஒலிக்கிறது. ‘தீங்கற்ற’ என்ற அளவிலேயே தொடர் நிறைவு பெற்றுவிடுவதால், ‘யாருக்கு?’ என்னும் வினா எழ இடமில்லை. ‘தீங்கற்ற வாழ்வு’ என்னும்போது தீங்கு நேராத வாழ்வும், ‘தீங்கற்ற பூச்சி’ என்னும்போது தீங்கு செய்யாத பூச்சியும் குறிக்கப்படுவதால், மேலே கண்ட ஆங்கில இருதிசைமை தமிழிலும் இருப்பதை அறியலாம்.

‘தீங்கில்லாத’ என்பது ‘இல்’ என்பதன் அடியாக வந்த எதிர்மறைப் பெயரெச்சம். இதுவும் இன்மையை ஒரு நிலையாகக் கூறுகிறது.

‘தீங்கு செய்யாத’ என்பதில் ‘செய்’ என்னும் வினை வெளிப்படையாக நிற்கிறது. வினை இருப்பதால் வினைமுதல், அவ்வினை சென்று சேரும் பொருள், காலம், இடம் ஆகியவற்றை ஏற்க இடம் உண்டாகிறது. ‘தேனீக்களுக்குத் தீங்கு செய்யாத’, ‘இந்த அளவில் தீங்கு செய்யாத’ என விரிப்பது இயல்பாக அமைகிறது.

எனினும் இவ்வடிவத்திலும் ஓர் இடர் உண்டு. எதிர்மறைப் பெயரெச்சம் முக்காலத்துக்கும் பொதுவானது. ‘தீங்கு செய்யாத பொருள்’ என்றால் இதுவரை செய்யாததா, இனியும் செய்ய இயலாததா என்பது வடிவத்தால் விளங்காது. முன்னது சான்றைக் கூறும். பின்னது உறுதியை வழங்கும். ஆய்வாளர் ‘இதுவரை தீங்கு கண்டறியப்படவில்லை’ எனக் கூறியது, செய்தியிலும் விளம்பரத்திலும் ‘தீங்கு செய்யாதது’ எனச் சுருங்கும்போது சான்று உறுதியாக மாறிவிடுகிறது. இம்மாற்றம் ஒரு பெயரெச்சத்துக்குள்ளேயே நிகழ்வதால் எவர் கண்ணிலும் படுவதில்லை.

மேலும் ஒரு வேறுபாடு நினைவிற்கொள்ளத்தக்கது. ‘நஞ்சற்ற பாம்பு’ என்பதில் இன்மை ஓர் உறுப்பைச் சார்ந்தது. நச்சுச்சுரப்பியும் நச்சுப்பல்லும் உண்டா இல்லையா என்பதைச் சோதித்தறியலாம். நீலகிரியின் மண்ணுக்குள் வாழும் கவசவால் பாம்புகளை நஞ்சற்றவை என்று கூறுவது அவ்வகை. ‘தீங்கற்ற’ என்பதோ உறவைச் சார்ந்தது. தீங்குக்கு உள்ளாகக்கூடிய மற்றொன்றைக் குறிப்பிடாமல் அதைச் சோதிக்க இயலாது. முன்னதற்கு ‘அற்ற’ பொருந்துகிறது. பின்னதற்கு அதையே பயன்படுத்தும்போது உறவு உடைமைபோலத் தோன்றிவிடுகிறது.

மருத்துவக் கலைச்சொல்லிலும் இச்சிக்கலைக் காணலாம். ‘பினைன் டியூமர்’ என்பதைத் ‘தீங்கற்ற கட்டி’ எனப் பெயர்ப்பது பரவலான வழக்கு. அக்கட்டி பிற உறுப்புகளுக்குப் பரவாது என்பதே மருத்துவர் கருதும் பொருள். மூளையில் தோன்றும் அத்தகைய கட்டி, அழுத்தத்தால் உயிருக்கே ஊறு விளைவிக்கலாம். ‘புற்றல்லாத கட்டி’ என்பது சோதித்தறியத்தக்க செய்தியை மட்டும் கூறுவதால் பிழைக்கு இடம் தராது.

நான்கு வினாக்கள்

தீங்கின்மைக் கூற்று ஒன்றை மதிப்பிட நான்கு வினாக்கள் தேவை. தேயிலைச் சாகுபடியிலிருந்தே அவற்றை விளக்கலாம்.

முதல் வினா, யாருக்கு என்பது. தேயிலையின் இளங்கொழுந்தைத் தாக்கும் கொப்புள நோய் ஒரு பூஞ்சையால் உண்டாவது. தென்னிந்தியத் தேயிலைப் பகுதிகளில் 1946இல் தோன்றியது. அப்பூஞ்சை தேயிலைக்குப் பெருங்கேடு. மனிதருக்கோ நோய் தருவதில்லை. அதைக் கட்டுப்படுத்தத் தெளிக்கப்பட்ட செப்புச் சேர்மங்கள் செடியைக் காத்தன. ஆனால் செம்பு நீர்வாழ் உயிர்களுக்கு நஞ்சு. மண்ணில் சிதையாமல் சேர்ந்துகொண்டே போவது. குந்தா மலைகளின் நீரோடைகள் பவானியாற்றை நோக்கி இறங்குபவை. எனவே மேட்டில் ‘தீங்கற்றது’ எனப்படுவது பள்ளத்தில் வாழும் உயிர்களையும் கருதிச் சொல்லப்பட்டதா என்பது முறையான வினாவே.

இரண்டாம் வினா, எவ்வளவில் என்பது. ‘அளவுக்கு மிஞ்சினால் அமிர்தமும் நஞ்சு’ என்பது தமிழ்ப் பழமொழி. அளவே நஞ்சைத் தீர்மானிக்கிறது என 16ஆம் நூற்றாண்டின் ஐரோப்பிய மருத்துவர் பாரசெல்சஸ் முன்வைத்த கருத்தும் அதுவே. பூச்சிக்கொல்லிகளின் நச்சுத்தன்மை இன்றும் அளவைக் கொண்டே வகைப்படுத்தப்படுகிறது.

மூன்றாம் வினா, எப்போது என்பது. தெளிப்புக்கும் பறிப்புக்கும் இடையே காத்திருப்புக் காலம் ஒன்று பரிந்துரைக்கப்படுகிறது. தெளித்த அன்று பறிக்கத் தகாத கொழுந்து, குறித்த காலம் கழிந்தபின் பறிக்கத்தக்கதாகிறது. பொருள் அதுவே, நாள் மட்டும் வேறு. நாளைக் குறிப்பிடாத பெயரடை இங்கு முழுமையான செய்தியைத் தருவதில்லை.

நான்காம் வினா, எந்தச் சான்றின்படி என்பது. களைக்கொல்லியான கிளைஃபோசேட் இந்தியாவில் தேயிலைத் தோட்டங்களுக்கும் பயிரிடாத நிலங்களுக்கும் ஒப்புதல் பெற்றது. பன்னாட்டுப் புற்றுநோய் ஆராய்ச்சி முகமை 2015இல் அதை மனிதருக்குப் புற்றுநோய் உண்டாக்கக்கூடும் என்னும் வகையில் சேர்த்தது. அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை அம்முடிவுக்கு உடன்படவில்லை. இந்திய அரசு 2022இல் அதன் பயன்பாட்டைப் பூச்சிக்கட்டுப்பாட்டு உரிமம் பெற்றவர்கள் வழியாக மட்டுமே எனக் கட்டுப்படுத்தியது. ஒரே பொருளைப் பற்றி மூன்று அமைப்புகளின் நிலைப்பாடுகள் இவ்வாறு வேறுபடும்போது, சான்றைச் சுட்டாத ‘தீங்கற்ற’ என்னும் அடைக்கு அறிவியல் மதிப்பு இல்லை.

‘இயற்கையானது’ என்பதைத் தீங்கின்மையின் மாற்றுச்சொல்லாகக் கொள்ளும் வழக்கும் இந்நான்கு வினாக்களுக்கு உட்பட்டதே. புகையிலையிலுள்ள நிக்கோட்டின் இயற்கையில் விளைவது, கடும் நஞ்சும்கூட.

சட்டம் விலக்கிய சொல்

1958இல் கேரளத்திலும் அன்றைய சென்னை மாநிலத்திலும் பாரத்தியான் என்னும் பூச்சிக்கொல்லி கலந்த கோதுமை மாவை உண்டு நூற்றுக்கும் மேற்பட்டோர் இறந்தனர். இத்துயரத்தைத் தொடர்ந்து எழுந்த ஆய்வுகளும் பரிந்துரைகளும் 1968ஆம் ஆண்டின் பூச்சிக்கொல்லிகள் சட்டத்துக்கு வழிவகுத்தன. அச்சட்டத்தின்கீழ் 1971இல் விதிகள் வகுக்கப்பட்டன.

அவ்விதிகளின்படி ஒவ்வொரு கொள்கலனிலும் நச்சுத்தன்மையைக் காட்டும் வண்ண முக்கோணம் இடம்பெற வேண்டும். சோதனை விலங்குகளில் பாதியைக் கொல்லும் வாய்வழி அளவே இவ்வகைப்பாட்டின் அடிப்படைகளுள் முதன்மையானது. உடல் எடையின் ஒரு கிலோவுக்கு 1 முதல் 50 மில்லிகிராம் வரையிலான அளவே கொல்லுமாயின் சிவப்பு. 51 முதல் 500 வரை மஞ்சள். 501 முதல் 5000 வரை நீலம். 5000க்கு மேல் பச்சை. சிவப்பிலும் மஞ்சளிலும் ‘நஞ்சு’ என்றும், நீலத்தில் ‘அபாயம்’ என்றும், பச்சையில் ‘எச்சரிக்கை’ என்றும் பொருள்படும் சொற்கள் இடம்பெற வேண்டும். சிவப்பில் மண்டையோட்டுக் குறியும் உண்டு. இந்தி, ஆங்கிலம் ஆகியவற்றோடு விற்பனைப் பகுதியின் வட்டார மொழியிலும் மேலொட்டி அச்சிடப்பட வேண்டும்.

நான்கு வண்ணங்களில் எதற்கும் ‘தீங்கற்றது’ என்னும் பொருள் இல்லை. பச்சைக்கும் ‘சிறிதளவு நஞ்சுள்ளது’ என்பதே விளக்கம். மேலும் இவ்வகைப்பாடு ஒருமுறை உட்கொள்வதால் விளையும் உடனடி நச்சுத்தன்மையைக் காட்டுவது. பல்லாண்டுகள் சிறுசிறு அளவில் தோலில் பட்டு வருவதன் விளைவை அது அளப்பதில்லை.

விதி 19 ஒருபடி மேலே செல்கிறது. பாதுகாப்பானது, நஞ்சற்றது, ஊறு செய்யாதது, தீங்கற்றது எனப் பொருள்படும் ஆங்கிலச் சொற்களைப் பெயர் சொல்லிச் சுட்டி, அத்தகைய ஆதாரமற்ற உறுதிமொழிகள் மேலொட்டியில் இடம்பெறக் கூடாது என்கிறது. ‘அறிவுறுத்தியபடி பயன்படுத்தினால்’ என்னும் நிபந்தனையைச் சேர்த்தாலும் அவை கூடாது. ஒரு பெயரடையைப் பெயர் சுட்டி விலக்கிய சட்டவிதி என்ற வகையில் சொற்பொருளியல் ஆய்வாளர் இதை நோக்கலாம். எல்லாச் சூழலுக்கும் பொதுவான தீங்கின்மையை எவராலும் உறுதிகூற இயலாது என்பதை விதி ஏற்றுக்கொண்டுள்ளது.

ஒப்பீட்டுக்காகக் குற்றவியல் சட்டத்தையும் காணலாம். இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 95ஆம் பிரிவு, இன்று பாரதிய நியாய சன்ஹிதாவின் 33ஆம் பிரிவு. இயல்பான அறிவும் மனப்பாங்கும் உடைய எவரும் முறையிடாத அளவுக்குச் சிறிய தீங்கைக் குற்றமாகக் கருத வேண்டாம் என அது கூறுகிறது. அங்கும் தீங்கு இல்லை எனச் சொல்லப்படவில்லை. தீங்கு உண்டு, ஆனால் அற்பமானது என்பதே கருத்து. ‘தீங்கற்ற’ என்பதற்கும் ‘அற்பத் தீங்குள்ள’ என்பதற்கும் இடையிலான தொலைவைச் சட்டமொழி பேணுகிறது.

வண்ணத்துக்கும் வழக்குப்பொருள் உண்டு என்பதை இங்கே சேர்த்தெண்ண வேண்டும். தமிழில் ‘பச்சைக்கொடி காட்டுதல்’ என்பது இசைவு தருதலைக் குறிக்கும். உணவுப் பொட்டலங்களில் பச்சைப் புள்ளி சைவ உணவின் அடையாளம். இவ்வழக்குகளில் ஊறிய ஒருவர் பச்சை முக்கோணத்தை இசைவாகக் கொள்வது வியப்பன்று. அவருக்கு ‘எச்சரிக்கை’ என்னும் சொல்லே துணை. அச்சொல் தமிழில் தெளிவாகவும் படிக்கத்தக்க அளவிலும் இருத்தல் இன்றியமையாதது.

‘மருந்து’ என்னும் பெயர்

மேலொட்டியிலிருந்து விலக்கப்பட்ட பெயரடை பேச்சில் பெயர்ச்சொல்லாகத் திரும்புகிறது. தமிழகத்தின் பிற பகுதிகளைப் போலவே மஞ்சூர்த் தேயிலைச் சரிவுகளிலும் தெளிப்புப் பணிக்கு ‘மருந்தடிப்பு’ என்றே பெயர். பூச்சிக்கொல்லி ‘பூச்சிமருந்து’, களைக்கொல்லி ‘களைமருந்து’. சட்டத்தையே ‘பூச்சிமருந்துச் சட்டம்’ எனக் குறிப்பிடும் வழக்கும் உண்டு.

இதை அறியாமையின் விளைவு எனத் தள்ளிவிடுதல் தகாது. ‘மருந்து’ தமிழில் விரிந்த பொருளுடைய பழஞ்சொல். நோய் தீர்ப்பது மருந்து; வெடிப்பது வெடிமருந்து; வசியத்துக்கு வைப்பது இடுமருந்து. திருக்குறளில் விருந்தோம்பல் அதிகாரம் அமிழ்தத்தை இச்சொல்லாலேயே சுட்டுகிறது. 95ஆம் அதிகாரத்தின் பெயரும் மருந்தே. பிற திராவிட மொழிகளிலும் இவ்விரிவு உண்டு. தெலுங்கின் ‘மந்து’ மருந்தையும் பூச்சிக்கொல்லியையும் வெடிமருந்தையும் குறிக்கும். வினைத்திறன் மிக்கதொரு கலவை என்பதே இச்சொல்லின் பொதுப்பொருளாகத் தெரிகிறது. அத்திறன் நன்மைக்கா தீமைக்கா என்பதைத் தொடரமைப்பே காட்ட வேண்டும்.

தொடரமைப்பு இதை எவ்வாறு காட்டுகிறது என்பதற்கு வேற்றுமை இலக்கணம் விடை தருகிறது. நான்காம் வேற்றுமையின் பொருள்களாக நன்னூல் கூறுவனவற்றுள் கொடையும் உண்டு, பகையும் உண்டு. ‘பிள்ளைக்கு மருந்து’ என்பதில் ‘கு’ கொடைப்பொருளில் வருகிறது. ‘எலிக்கு மருந்து’ என்பதில் அதே உருபு பகைப்பொருளில் வருகிறது. கேட்பவர் இவற்றை மயங்காமல் அறிவது வினையால்: பிள்ளைக்கு மருந்து கொடுக்கிறோம், எலிக்கு மருந்து வைக்கிறோம், செடிக்கு மருந்து அடிக்கிறோம். ‘மருந்து சாப்பிட்டார்’ என்றால் நலம் விசாரிப்பர். ‘மருந்து குடித்துவிட்டார்’ என்றால் மருத்துவமனைக்கு ஓடுவர். வழக்கு தனக்குரிய பாதுகாப்பை வினைச்சொல்லில் வைத்துள்ளது.

ஆனால் உருபும் வினையும் மறைந்து தொகையாகும்போது அப்பாதுகாப்பு நீங்குகிறது. ‘காய்ச்சல் மருந்து’ காய்ச்சலைப் போக்கும் மருந்து. ‘குழந்தை மருந்து’ குழந்தைக்குக் கொடுக்கும் மருந்து. ‘எலி மருந்து’ எலியைக் கொல்லும் மருந்து. மூன்றும் ஒரே வடிவில் அமைந்த உருபும் பயனும் உடன்தொக்க தொகைகள். இவற்றினும் நுட்பமான சான்று ‘பூச்சி மருந்து’. குழந்தைகளின் குடற்புழுவை நீக்கத் தரும் மருந்துக்கும் தமிழ் வீடுகளில் இதுவே பெயர். குழந்தைக்குப் புகட்டும் நீர்மமும் தேயிலையில் தெளிக்கும் நீர்மமும் ஒரே தொகைச்சொல்லைப் பகிர்ந்துகொள்கின்றன. இரண்டும் ஒரே வீட்டில், ஒரே வகைப் புட்டிகளில் இருக்கக்கூடும் என்பதை எண்ணினால் இது இலக்கண நுட்பம் மட்டுமன்று என்பது விளங்கும்.

செடியின் பக்கமிருந்து நோக்கினால் கொப்புள நோய்க்கு அடிப்பது மருந்தே. பூஞ்சையின் பக்கமிருந்து அது நஞ்சு. தெளிப்பவரின் பக்கமிருந்து அது என்ன என்பதைப் ‘பூச்சிமருந்து’ என்னும் தொகை கூறுவதில்லை. கூறாத இடத்தை ‘மருந்து’ என்பதன் முதன்மைப்பொருளாகிய நலம் நிரப்பிவிடுகிறது. தீங்கற்றது என எவரும் சொல்லாமலே தீங்கின்மை உணர்த்தப்படுகிறது.

இதற்கு மாறாகப் ‘பூச்சிக்கொல்லி’, ‘பூஞ்சைக்கொல்லி’, ‘களைக்கொல்லி’ என்னும் சொற்கள் ‘கொல்’ என்னும் வினையடியாகப் பிறந்தவை. வேளாண் கல்வியில் இவை நிலைபெற்றுள்ளன. வினை வெளிப்படையாக நிற்பதால் கேட்பவர் எச்சரிக்கை கொள்கிறார். கல்வித்தமிழில் இச்சொற்கள் இருந்தும், விரிவுரைகளிலும் விளம்பரங்களிலும் அறிவிப்புகளிலும் ‘மருந்து’ என்பதே கலந்து வருவதைக் களைய வேண்டியுள்ளது.

பெயர்ப்புக்கான நெறிகள்

மேற்கண்ட விளக்கங்களிலிருந்து பின்வரும் நெறிகளை முன்மொழியலாம்.

1. சிறப்பிக்கப்படும் பொருளின் வகையறிந்து நிகரனைத் தேர்தல் வேண்டும். மனிதருக்குச் சாது, அப்பாவி, பேச்சுக்குப் புண்படுத்தாத, உள்நோக்கமற்ற, பாம்புக்கு நஞ்சற்ற, கட்டிக்குப் புற்றல்லாத, ஒப்பந்தத் தொடருக்கு இழப்பு நேராவண்ணம் காக்கும் என அமைதல் நன்று.

2. வேதிப்பொருள், கதிர்வீச்சு, உணவுச் சேர்க்கை முதலியவற்றைக் குறிக்கும் அறிவியல் எழுத்தில் ‘தீங்கற்ற’ என்பதைத் தனித்து வழங்காமல், நான்காம் வேற்றுமையோடு கூடிய வினைவடிவை வழங்குதல் வேண்டும்.

3. எதிர்மறைப் பெயரெச்சம் காலத்தைக் காட்டாமையால், சான்றைக் கூறுமிடத்து முற்றுவினையை ஆளுதல் வேண்டும். ‘தேனீக்களுக்குத் தீங்கற்றது’ என்பதினும் ‘இந்த அளவில் தெளித்துச் சோதித்தபோது தேனீக்கள் இறக்கவில்லை’ என்பது நேர்மையான கூற்று.

4. மேலொட்டி, துண்டறிக்கை, பாடநூல் ஆகியவற்றில் ‘பூச்சிமருந்து’ என்பதை விலக்கிப் ‘பூச்சிக்கொல்லி’ என்பதையே ஆளுதல் வேண்டும். குழந்தைகளுக்குரியதைக் ‘குடற்புழு நீக்க மருந்து’ எனப் பிரித்துரைத்தல் வேண்டும்.

5. பேச்சுவழக்கை மாற்றுவது அரிது. ஆதலின் களப்பயிற்சி தருவோர் ‘மருந்து’ என்னும் சொல்லையே எடுத்துக்கொண்டு, ‘செடிக்கு மருந்து, நமக்கு நஞ்சு’ என உருபை விரித்துக் கூறலாம்.

முடிவுரை

‘ஹார்ம்லெஸ்’ என்பது ஆங்கிலத்திலேயே ஒருபொருட் சொல்லன்று. ஊறுபடாமை, ஊறு செய்யாமை என்னும் இருதிசைப் பொருளும், ‘இன்னாக்குவஸ்’ என்பதில் தோற்றம் பற்றிய ஐயமும் அதன் வரலாற்றில் உள்ளன. தமிழில் ‘தீங்கற்ற’ என்னும் நிகரன் அவ்வேறுபாடுகளை ஒன்றாக்கி, உறவைப் பற்றிய கூற்றை உடைமையைப் பற்றிய கூற்றாக மாற்றுகிறது. ‘தீங்கு செய்யாத’ என்னும் வினைவடிவம் யாருக்கு என்னும் வினாவுக்கு இடம் தருகிறது. காலத்தைப் பற்றிய தெளிவை முற்றுவினையே தருகிறது. 1971ஆம் ஆண்டின் விதிகள் மேலொட்டியில் விலக்கிய பொருள், ‘மருந்து’ என்னும் பெயர்வழியாகப் பேச்சில் நிலைத்துள்ளது. கொடைக்கும் பகைக்கும் ஒரே உருபை வழங்கும் மொழியில் அவ்வுருபு தொகையாது வெளிப்பட நிற்பதே பொருள் மயக்கத்தைத் தவிர்க்கும் வழி.

மஞ்சூரில் தெளிப்பானைச் சுமப்பவர் தம் கையிலுள்ள பொருள் தமக்கும், தம் பின்னே கொழுந்து பறிப்பவருக்கும், சரிவின்கீழ் ஓடும் நீருக்கும் என்ன செய்யும் என்பதைத் தம் மொழியிலேயே அறிந்துகொள்ளும் உரிமை உடையவர். அகராதி தொகுப்போரும் பாடநூல் எழுதுவோரும் மொழிபெயர்ப்பாளரும் ஒரு பெயரடையைத் தேரும்போது அவ்வுரிமையையும் கருத்திற்கொள்ளுதல் கடன். படுகு, மலையாளம் முதலிய அண்டை மொழி பேசுவோர் இப்பொருள்களைக் குறிக்க ஆளும் சொற்களையும் ஒப்பிட்டு ஆராய்வது இத்துறையின் அடுத்த பணியாக அமையலாம்.